குரல்பூ குடித்த நிழல்

அரண்மனைக் கண்ணாடித் தோட்டம்
பனிமாதம் 3

அன்புள்ள மனைவிக்கு,

இங்கே நலம். நீயும் குழந்தையும் நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். செடித் தொட்டியோடு இங்கே வந்து ஏழு மாதமாகியும் எழுத முடியாமல் போனதற்கு வேலைதான் காரணம். அரசர் என்னைத் தலைமைத் தாவர அறிஞராக்கியிருக்கிறார்.

குரல்பூச் செடி கொஞ்சம் சோர்ந்திருக்கிறது. ஒன்பது வருஷத்துக்கு ஒரே ஒரு மொட்டு விடுமே, அது வந்துவிட்டது. ஆனால் பட்டாணி அளவோடு நின்றுவிட்டது. சுற்றிலும் கண்ணாடி, கண்ணாடிக்கு வெளியே வெயில், இருட்டினால் விளக்கு. வெளிச்சத்துக்கு ஒரு குறையும் வைக்கவில்லை. நீ சாம்பல், கழுநீர் என்று ஏதாவது போட்டாயா? எதையும் நோட்டில் குறித்து வைப்பவளாயிற்றே, பார்த்து எழுது. உன் எழுத்தில் பிழை இருக்கும், பரவாயில்லை, புரிந்துகொள்வேன்.

அரசருக்குப் பாட ஆசை, தொண்டைதான் ஒத்துழைக்கவில்லை. பூவை எதிர்பார்த்துக் காத்திருக்கிறார். குழந்தைக்கும் ஒரு இதழ் அனுப்பப் பார்க்கிறேன்.

உன் கணவன்


கடவுள் துணை
பனிமாதம் 10

மரியாதைக்குரிய தலைமைத் தாவர அறிஞர் அவர்களுக்கு,

நாங்கள் நலம் என்று நம்பியதற்கு நன்றி. நம்புவதற்குத் தபால்காரர்கூடத் தேவையில்லை, சௌகரியம்தான்.

மூன்று வயதில் காய்ச்சல் வந்து குழந்தையின் குரல் போனபோது, மலைச்சந்தைவரை நடந்து இந்த விதையைத் தேடி வந்தவள் நான். எட்டு வருஷம் வளர்த்தவளும் நான். "அரண்மனையில சீக்கிரம் பூக்கும், பூத்த அன்னைக்கே கொண்டுவந்து புள்ள கையில குடுக்கறேன்" என்று தொட்டியைத் தூக்கிக்கொண்டு போனவர் நீங்கள். இப்போது ஒரு இதழ் "அனுப்பப் பார்க்கிறேன்" என்கிறீர்கள். முழுப் பூவையும் மென்றால்தான் குரல் வரும். ஒரு இதழுக்கு ஏப்பம்தான் வரும்.

எரு எதுவும் போடவில்லை. அந்தச் செடி நிழலைக் குடிக்கும், அதுவும் மனிதரின் நிழலை. காலை வெயிலுக்கு முதுகைக் காட்டி, நம் நிழல் அதன்மேல் விழும்படி ஒரு மணி நேரம் அசையாமல் நிற்க வேண்டும். நான் தினமும் நின்றதை நீங்கள் பார்த்திருக்கிறீர்கள். நண்பர்களைக் கூட்டிவந்து, "என் வீட்டுக்காரி செடியைக் கும்பிடறா பாரு" என்று காட்டிச் சிரித்தீர்கள். கும்பிட்டதும் நிஜம்தான். நிற்கிற நேரத்தில் கடவுள் பெயரைச் சொன்னால் கால் வலி தெரியாது. ஆனால் எதற்காக நிற்கிறேன் என்று ஒரு நாளாவது கேட்டீர்களா?

நான்கு பக்கமும் வெளிச்சத்தை நிரப்பி அதைப் பட்டினி போட்டிருக்கிறீர்கள். இதற்குப் பெயர் அறிஞர்.

மொட்டு வந்த பிறகு மொத்தம் நாற்பது நாள் நிற்க வேண்டும். விளக்கை அணைத்துவிட்டு நில்லுங்கள். குழந்தைக்காகத்தான் இதைச் சொல்கிறேன்.

தங்கள் மனைவி


அரண்மனைக் கண்ணாடித் தோட்டம்
பனிமாதம் 24

மனைவிக்கு,

நீ சொன்னபடியே ஆறு நாள் நின்றேன். மொட்டு நெல்லிக்காய் அளவுக்கு வந்துவிட்டது. ஆனால் ஏழாம் நாள் பார்த்தால், என் நிழலில் இடது கைச் சுண்டுவிரலின் நுனியைக் காணோம். கை நன்றாகத்தான் இருக்கிறது, நிழலில்தான் இல்லை. இப்படி ஆகும் என்று நீ ஏன் சொல்லவில்லை? நான் நாலு பெரிய மனிதர்களோடு பழகுகிறவன். நிழல் குறைந்தால் என்ன பேசுவார்கள்? தோட்டக்காரனை நிறுத்திப் பார்த்தேன், தும்மிக் கெடுத்துவிட்டான்.

உனக்குப் பழக்கம் இருக்கிறது, நீயே வந்து நின்றுவிடேன். ஒரு விஷயம் மட்டும். செடியை விதையிலிருந்து நானே வளர்த்ததாக இங்கே சொல்லி வைத்திருக்கிறேன். அதனால் வேலைக்காரி என்று சொல்லிக்கொண்டு பின்வாசல் வழியாக வா. குழந்தையைக் கூட்டி வராதே. அவள் முகம் என்னை உரித்து வைத்ததுபோல் இருக்கிறது, கேள்வி வரும்.

உன் கணவன்


கடவுள் துணை
பனிமாதம் 30

அறிஞர் அவர்களுக்கு,

சுண்டுவிரல் நுனிக்காக வருந்துகிறேன். தாங்கள் பெரிய இழப்பைத் தாங்கிக்கொண்டிருக்கிறீர்கள்.

என் நிழலை மாதக் கடைசியில் அளந்து எழுதி வைத்திருக்கிறேன். முதல் வருஷம் விரல்கள் போயின. மூன்றாம் வருஷத்துக்குள் இரண்டு கையும். ஐந்தில் தலை. இப்போது இடுப்புக்கு மேலே ஒன்றும் இல்லை. கடைத்தெருவில் என் நிழல், பாவாடை ஒன்று தனியாக நடந்து போவதுபோல் போகும். பழக்கடைக்காரர் பார்த்துப் பயந்திருக்கிறார். பக்கத்து வீட்டுக் குழந்தைகள் அதை மிதித்து விளையாடியிருக்கிறார்கள். பக்கத்திலேயே நடந்து வந்த நீங்கள் ஒருவர்தான் பார்க்கவில்லை.

புறப்பட்டுவிட்டோம். முன்வாசல் வழியாகத்தான் வருவோம். குழந்தையின் முகத்தை மாற்ற என்னால் ஆகாது, அந்தக் குறையோடுதான் கடவுள் கொடுத்தார்.

மனைவி


கடவுள் துணை
அரண்மனைக் கண்ணாடித் தோட்டம்
வெயில்மாதம் 9

குழந்தையின் தகப்பனாருக்கு,

நாங்கள் வந்த அன்று காலையில்தான் அபூர்வ விதை தேடி நீங்கள் மலைப்பக்கம் போனதாகக் காவல்காரர் சொன்னார். விதை கிடைக்கிற இடம் சந்தையில் இடது பக்கம் மூன்றாவது கடை. ஒரு மாதத்துக்கு மேல் தேட வேண்டியதில்லை.

மறுநாள் முதல், பனிக்கும் வெயிலுக்கும் நடுவில் வரும் மாதத்தையும் கடந்து, முப்பத்து நான்கு நாள் நின்றேன். நீங்கள் நின்ற ஆறு நாளையும் சேர்த்து நாற்பது என்றே எழுதியிருக்கிறேன். ஒருவர் செய்ததைக் குறைத்து எழுதும் பழக்கம் எனக்கு இல்லை.

அரசி தினமும் வந்து பக்கத்தில் உட்கார்ந்துகொள்வார். என் நிழலை முதல் நாளே கவனித்துவிட்டார். யார் வளர்த்த செடி என்று கேட்டார், நோட்டைக் கொடுத்தேன். இரண்டு நாள் வைத்திருந்து முழுவதும் படித்தார். பூ விரிந்ததும் அரசருக்கு எடுத்துப்போக ஆள் வந்தது. அரசி தடுத்துவிட்டார். "பொண்ணுக்கே குடும்மா. அவர் பாடினா உட்கார்ந்து கேக்கப் போறது நான்தானே" என்றார்.

குழந்தை மென்று விழுங்கினாள். ஏறக்குறைய ஒன்பது வருஷம் கழித்து அவள் பேசிய முதல் வார்த்தை, "கசக்குது."

பூக்கும் சமயத்தில் செடிக்குப் பசி அதிகம், எனக்குக் கணுக்கால்வரைதான் நிழல் மிச்சம். மிச்சத்தை யாருக்கும் கொடுப்பதாக இல்லை. செடியை இங்கேயே விட்டுப் போகிறேன். அரசருக்குப் பாட்டு ஆசை தீரவில்லையாம். அடுத்த பூவுக்கு ஒன்பது வருஷமும் நீங்களே நிற்க வேண்டும் என்று உத்தரவு போட்டிருக்கிறார். பட்டமும் சம்பளமும் அப்படியே இருக்கும். நின்றால் போதும்.

நாளை ஊருக்குத் திரும்புகிறோம். அந்த வீட்டில் இனி உங்களுக்கு வேலை இல்லை.

கடிதத்தை மூடும் முன், "அப்பாவுக்கு நீ ஏதாவது எழுதறியா?" என்று குழந்தையைக் கேட்டேன். சைகை செய்யக் கையைத் தூக்கினாள். பிறகு கையைக் கீழே போட்டுவிட்டு, வாயாலேயே சொன்னாள்:

"ஒண்ணும் வேண்டாம்மா."

அவள் சொன்னபடியே எழுதியிருக்கிறேன்.

குழந்தையின் அம்மா