நாலரைக் கட்டை

அடி பெண்ணே,

போனில் பேசினால் கத்திவிடுவேன். கத்தக் கூடாது என்று தொண்டை டாக்டர் சொல்லியிருக்கிறார். அதனால் எழுதுகிறேன். கடலூர் ஆபீசில் உட்கார்ந்து நிதானமாகப் படி.

என் சுருதி ஐந்தரைக் கட்டை. நீ பிறப்பதற்கு முன்பே அதுதான். நேற்று சிதம்பரம் கச்சேரியில் என் பின்னால் பவ்யமாக உட்கார்ந்துகொண்டு, சுருதிப் பெட்டியை ஒரு கட்டை இறக்கி வைத்திருக்கிறாய்! மேல் பஞ்சமம் தானாக வந்து நின்றதும், பனங்கற்கண்டுப் பால்தான் வேலை செய்கிறது என்று பூரித்துப்போனேன். சுருதி விலகினால் மாணவிகளை எழுப்பி நிற்கவைக்கிற பாட்டு டீச்சர் நான். எனக்கு இது தேவையா?

மிருதங்கம் ஞானசேகரன்தான் வாத்தியத்தை உறையில் போடும்போது உளறினார். "பொண்ணு முன்னாடியே போன் பண்ணிடுச்சும்மா. அதான் நாலரைக் கட்டை மிருதங்கம் எடுத்தாந்தேன். வயலின்காரருக்கும் சொல்லிடுச்சு."

ஆக, மேடையில் எல்லோருக்கும் தெரியும். பாடுகிறவளுக்குத்தான் தெரியாது.

போன மாதம் கடலூர் கச்சேரியில் மேல் பஞ்சமத்துக்குப் போகும்போது பாதியில் நிறுத்தியது இருமலால். நான் இருமல் என்றால் இருமல்தான். அதற்காக நீ பெட்டியில் கை வைப்பாயா?

சபா செக்ரட்டரி வேறு, "குரல் சின்னப் பொண்ணு மாதிரி இருந்திச்சிம்மா" என்று கும்பிட்டார். நானும் கும்பிட்டேன்.

அடுத்த மாதம் பண்ருட்டியில் கச்சேரி. ஞானசேகரனிடம் அதே மிருதங்கத்தை எடுத்து வரச் சொல். நான் சொன்னதாகச் சொல்லாதே. பெட்டியை நீயே வை. நான் திரும்பிப் பார்க்க மாட்டேன்.

இப்படிக்கு,
ஒன்றும் தெரியாத உன் அம்மா