இனாம் என்று அச்சடித்த துணி

ஐப்பசி 3, செவ்வாய்

காலையிலிருந்து தூறல். மலை தெரியவில்லை. ஷெட்டுக் கதவிடுக்கில் சாக்கு அடைத்தேன். ஈரக்காற்று புகுந்தால் பேண்டேஜ் துணி பழுப்பேறிவிடும். பழுப்பேறினால் பால் வடிகட்டக்கூட ஆகாது.

வேலை நின்று ஒரு மாதம். மூட்டைகள் கூரை வரைக்கும். எல்லாம் வெட்டி, சுருட்டி, தாள் ஒட்டி முடித்த சரக்கு. போக வேண்டிய இடம் ஆப்பிரிக்காவில் ஏதோ ஒரு நாடு. அங்குள்ள ஆஸ்பத்திரிகளுக்கு. பணம் கொடுப்பது வேறொரு பணக்கார நாடு, உதவியாக. இப்போது உதவி கிடையாது என்று அவர்கள் கொள்கையை மாற்றிவிட்டார்கள். கப்பலேற்ற வேண்டிய தூத்துக்குடிக்காரர் என் மகன் முருகேசனிடம் ஃபோனில் சொன்னது: "சரக்கு உங்ககிட்டயே இருக்கட்டும் தம்பி."

இருக்கட்டுமாம். அவர் வீட்டு ஹாலில் இருக்கட்டுமே.

ஒவ்வொரு சுருளைச் சுற்றிய தாளிலும் ஒரு கொடி. கீழே இங்கிலீஷ். இத்தனை நாள் கேட்கத் தோன்றவில்லை. இன்று மருமகளை வாசிக்கச் சொன்னேன்.

"எங்க நாட்டு மக்களோட அன்பளிப்பு, இனாம், விற்பனைக்கு அல்லன்னு போட்டிருக்கு. அம்புட்டுத்தான் அத்தே."

செல்விக்கு அம்புட்டுத்தான். இந்த வாசகம் எனக்கு அறுபது வருஷப் பழக்கம்.

செய்ய வேண்டியது: கரையான் மருந்து. குடைக்குக் கம்பி. பேச்சியம்மாவிடம் இருக்கும் எண்ணெய்ச் சட்டி (ஆடியில் இரவல் வாங்கினாள். நான் மறந்திருப்பேன் என்று நினைப்பு).

ஐப்பசி 4, புதன்

மழை இல்லை, புழுக்கம். சுருட்டுகிற பெண்கள் எல்லோரும் வாசலில். தீபாவளி நெருங்குகிறது. முருகேசன் உள்ளே ஃபோனைக் காதில் வைத்துக்கொண்டு யாரோடும் பேசாமல் நின்றான். எனக்குத் தெரியாதா.

பேச்சியம்மாதான் ஆரம்பித்தாள். "ஏட்டி ராமலட்சுமி, தீவாளிக்கு எதும் உண்டா இல்லையான்னு ஒம் மகன் வாயத் தொறந்து சொல்லட்டும். பேரப்பிள்ளைகளுக்குத் துணி எடுக்கணும்ல."

"வீடு நெறையத் துணி கெடக்கு. ஆளுக்கு நாலு சுருள் சுத்திக்கிட்டு வெடி போடச் சொல்லு."

எல்லோரும் சிரித்தார்கள். அவள் சிரிக்கவில்லை. "சுத்தலாம். காயம் யாருக்குன்னு மொதல்ல சொல்லு."

அவளுக்கு முழங்கால் வீக்கம். அதோடு நடந்து வந்திருக்கிறாள்.

சாயங்காலம் டிவியில் ஒரு கோட்டுக்காரர். உதவி வாங்கிப் பழகின நாடு முன்னேறாது, நிறுத்தினால்தான் சொந்தக் காலில் நிற்கும், கொஞ்ச நாளைக்கு வலிக்கும், பொறுத்துக்கொள்ள வேண்டும் என்றார். முகத்தில் வலி எதையும் காணோம்.

செல்வி, "அவர் சொல்றதும் நியாயந்தானே அத்தே" என்றாள்.

நியாயம்தான். போன வருஷம் இதே மாதிரி ஒரு கோட்டுக்காரர் சிறுதொழில் கூட்டத்தில் முருகேசனிடம், "ஆர்டர் வருது, தைரியமா விரிவு பண்ணுங்க, வளர்ச்சிதான் முக்கியம்" என்றார். அதுவும் நியாயம்தான். அதை நம்பி வாங்கின சுருட்டும் மெஷின் பிளாஸ்டிக் உறைக்குள் நிற்கிறது. தவணை மட்டும் நிற்கவில்லை.

படுத்த பிறகு ஒரு நினைப்பு. எங்கள் வீட்டுக்கு மாடி வந்தது, கிரைண்டர் வந்தது, செல்விக்கு வளையல் வந்தது, எல்லாமே முகம் தெரியாத எவளுக்கோ புண் வந்ததால். அந்தப் புண் இன்னும் ஆறியிருக்காது. எந்தக் கிழிசலை வைத்துக் கட்டுகிறாளோ.

ஐப்பசி 6, வெள்ளி

வெயில். மூட்டைகளைத் திறந்து காற்றாட வைத்தோம். மேல் வரிசை சரி. தரையோடு கிடந்ததில் லேசாக மஞ்சள்.

பதினோரு மணி வாக்கில் கார். ஸ்ரீவில்லிபுத்தூரில் குடோன் வைத்திருக்கும் பிரபு. தேங்கின சரக்கை அடிமாட்டு விலைக்கு எடுக்கிறவன். முப்பத்தைந்து வயது இருக்கும், வாசனை மாத்திரம் வண்டி வண்டியாக. ஒரு சுருளை முகர்ந்தான், இழுத்தான், வெளிச்சத்தில் பிடித்தான்.

"இந்தத் தாளு இருக்கே அண்ணாச்சி, இதோட எவன் வாங்குவான்? உரிச்சு நம்ம பேர்ல வேற தாளு போட்டாத்தான் மெடிக்கல் கடைக்குப் போகும். உரிக்கிற கூலி உங்க பக்கம்."

சொன்ன விலை நூல் விலைக்கே காணாது. முருகேசன் தலையை ஆட்டினான். ஆமாம் என்றா, இல்லை என்றா, அவனுக்கே தெரியாது.

காப்பி கொடுக்கப் போனேன். அவன் காதைப் பார்த்தேன். மேல்நுனி மடங்கின காது, முன்பே பார்த்த காது. "எந்த ஊரு தம்பி நீ?"

"பூர்வீகம் மம்சாபுரம் ஆச்சி. எங்க தாத்தா சங்கரலிங்கம். பள்ளிக்கூடம்லாம் நடத்துனவரு."

தெரியும் தம்பி. நன்றாகவே தெரியும்.

எழுதி வைக்கிறேன். எனக்குப் பிறகு இதை நினைப்பதற்கு ஆள் இல்லை. மூன்றாம் வகுப்பு. கப்பலில் வந்த பால் பவுடர், பெரிய டின். டின்னில் ஒரு கொடி, கீழே எழுத்து. இனாம், விற்பனைக்கு அல்ல என்று வாத்தியார் வாசித்துக் காட்டினார். மத்தியானம் வெந்நீரில் கரைத்து ஆளுக்கு அரை டம்ளர். ஒருநாள் இரண்டாவது தரம் டம்ளரை நீட்டினேன். சங்கரலிங்கம் அகப்பையால் என் புறங்கையில் ஒரு போடு போட்டார். "ஓசியில குடிக்கிற கழுதைக்கு ரெண்டாந்தடவை வேறயா?"

அந்த வருஷம் ஆடிப்பூரத் தேருக்கு அப்பா கூட்டிப்போனார். ரத வீதியில் ஒரு டீக்கடை. ஒரு வாய் குடித்ததுமே நாக்கு கண்டுபிடித்துவிட்டது. "எப்பா, இது எங்க பள்ளிக்கூடத்துப் பாலு!" என்று கத்தினேன். கடைக்குள் எட்டிப் பார்த்தால் அதே டின், அதே கொடி. நாலு பேர் கேட்டார்கள், சிரித்தார்கள், ஊர் வரைக்கும் போய்விட்டது.

அப்பாவுக்குச் சங்கரலிங்கத்தின் வயலில்தான் வேலை. அவர் வீட்டு வாசலில் அப்பா துண்டை இடுப்பில் கட்டி நின்றார். என்னையும் பக்கத்தில் நிறுத்தினார். நான் சொன்னது பொய் என்று என் வாயாலேயே சொல்லச் சொன்னார்கள். சொன்னேன். மறுநாளிலிருந்து பருத்தி எடுக்கப் போனேன். பள்ளிக்கூடம் அதோடு சரி. சங்கரலிங்கம் வீட்டில் அடுத்த வருஷம் மாடி எழும்பியது.

அந்த வீட்டு வாரிசு என் கையால் காப்பி குடித்துவிட்டு, "நல்லாருக்கு ஆச்சி" என்கிறான்.

ஐப்பசி 9, திங்கள்

மறுபடி மழை. ரேஷனில் பாமாயில் இல்லை. முருகேசனோடு சண்டை. பால் பவுடர் கதையைச் சொன்னேன், தெரு வரைக்கும் கேட்டிருக்கும்.

"அவனுக்கு மட்டும் குடுக்காதல. அவன் படிய மிதிக்க மாட்டேன்னு இருக்கேன்."

"வேற எவன் வாரான், காட்டு. எம்மா, அவன் தாத்தா செத்து முப்பது வருஷம் ஆச்சு. பவுடரையும் பேண்டேஜையும் போட்டுக் கொழப்பிக்கிட்டு இருக்க."

"ரெண்டுலயும் ஒரே எழுத்துத்தான போட்டிருக்கு."

"அப்ப மழையில கெட்டுப் போகட்டுமா? அந்தப் பொம்பளைகளுக்கு நீ பதில் சொல்லுதியா? சொல்லு, வெளிய நின்னு சொல்லு."

செல்வி சோற்றைத் தட்டில் போட்டுவிட்டு நடுவில் உட்கார்ந்தாள். ரசத்தில் உப்பில்லை.

கொடுக்கிறவன் ஒரு தேசத்தில் இருக்கிறான். வாங்குகிறவன் ஒரு தேசத்தில் இருக்கிறான். நடுவில் நிற்கிறவனுக்கு வந்தாலும் லாபம், நின்றாலும் லாபம். டிவிக்காரர் இதைச் சொல்லவில்லை.

ஐப்பசி 10, செவ்வாய்

யாரிடமும் சொல்லவில்லை. கட்டைப்பை நிறையச் சுருள்கள், நல்ல வெள்ளையாகப் பார்த்து. பஸ் ஏறி ஸ்ரீவில்லிபுத்தூர். இனாம் என்று போட்டிருக்கிறது அல்லவா, இனாமாகவே கொடுத்துவிட்டால் பிரபு கைக்குப் போகாது. பாக்கி மூட்டைக்கும் வழி பிறக்கும் என்று கணக்கு.

ஒரு ஆஸ்பத்திரி. நர்ஸ் சின்னப் பெண், மரியாதைக்காரி. சுருளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

"நல்ல துணி ஆச்சி. ஆனா நாங்க வெளியில இருந்து வாங்கக் கூடாது. இதுல வேற நாட்டுப் பேரு போட்டிருக்கு. யாருக்குக் குடுத்தது, எப்படி இங்க வந்ததுன்னு எங்களக் கேப்பாங்க."

"விக்கல தாயி, சும்மா தாரேன்."

"சும்மான்னாத்தான் ஆச்சி இன்னும் கஷ்டம்."

அவள் மேல் கோபம் இல்லை. அவள் கையில் காயத்துக்குக் கட்டியிருந்த துணி எங்கள் துணியை விட மட்டம்.

பஸ் ஸ்டாண்டில் ஒரு ஆள், காலில் புண், ஈ. ஒரு சுருளை நீட்டினேன். வாங்கவில்லை. கொடியைப் பார்த்தான், என்னைப் பார்த்தான். "துணி எதுக்கு ஆச்சி. டீக்குக் காசு குடு."

பத்து ரூபாய் கொடுத்தேன். சுருளை அவன் பக்கத்தில் வைத்தேன். பஸ் கிளம்பும்போது திரும்பிப் பார்த்தால், அதைத் தலைக்கு வைத்துப் படுத்திருந்தான். அந்த நாட்டு மக்களின் அன்பளிப்பு, பத்திரமாக.

வரும்போது பையின் கைப்பிடி அறுந்தது.

ஐப்பசி 12, வியாழன்

கொடுத்துவிட்டான் முருகேசன். மத்தியானம் லாரி வந்தது. ஏற்றி முடியும் வரைக்கும் நான் சமையற்கட்டில். வெங்காயம் உரித்தேன், தேவைக்கு மேல். பிறகு ஷெட்டுக்குப் போனால் எதிரொலி. மூட்டை கிடந்த இடம் மட்டும் வேறு நிறம்.

வந்த காசில் பாதி தவணைக்கு. பாதி பெண்களுக்கு. எங்களுக்கு மெஷினின் பிளாஸ்டிக் உறை.

தாள் உரிக்கிற வேலை பிரபு குடோனில். பத்துப் பேராவது வேண்டும், கூலி எங்கள் பக்கம், பேச்சோடு பேச்சாக ஒத்துக்கொண்டது. வெளியாளுக்குக் கூலி கொடுத்தால் மிச்சம் கிடையாது. முருகேசன் என்னைக் கேட்கவில்லை. கேட்காமல் எதிரில் உட்கார்ந்து நகத்தைக் கடித்தான். சின்ன வயசிலிருந்து அப்படித்தான்.

"எத்தன மணிக்குப் போகணும்ல?" என்றேன்.

ஐப்பசி 13, வெள்ளி

மேகமூட்டம். எட்டு மணி பஸ். நான், செல்வி, பேச்சியம்மா, இன்னும் ஏழு பேர். பேச்சியம்மா எண்ணெய்ச் சட்டியைக் கையோடு கொண்டுவந்தாள், பஸ்ஸில் வைத்துக் கொடுக்கிறாள். நாள் முழுக்க அதைச் சுமந்தேன்.

குடோன் வாசல் உயரம். வலது காலா இடது காலா என்று யோசித்ததில் பின்னால் வந்தவள் இடித்து, எந்தக் கால் முதலில் போனது என்று தெரியாது.

நனைத்து உரிக்க முடியாது, துணியில் கறை விழும். நகத்தால் ஒரு மூலையைத் தூக்கி மெதுவாக. கொடி ஒரு குவியல். பழைய பேப்பர்காரன் அதற்கும் விலை பேசினான். உரித்த சுருளில் பிரபுவின் நீலத்தாள், சிரிக்கிற ஒரு பெண் படம். தாளுக்கு ஒரு கோணலும் இல்லாமல் ஒட்டினேன். கை அப்படிப் பழகிவிட்டது.

பேச்சியம்மா காதோரம்: "ஏட்டி, மிதிக்க மாட்டேன்னு சொன்ன படிதானா இது?"

"வேலையப் பாருட்டி."

நாலு மணிக்கு டீ. பிரபுவே தூக்குவாளியைத் தூக்கி வந்து ஊற்றினான். ஒரு வாய். நாக்கு உடனே சொல்லிவிட்டது. வாயும் தன்னால் திறந்தது.

"இது பவுடர் பாலு."

குடோன் அமைதியானது மாதிரி எனக்குத் தோன்றியது. ஆகவில்லை. செல்வி யாரோடோ பேசிக்கொண்டுதான் இருந்தாள். அவன் வாளியைச் சாய்த்துப் பார்த்தான்.

"ஆமா ஆச்சி, பவுடர்தான். இம்புட்டுப் பேருக்குப் பாக்கெட் பாலு கட்டுமா? எப்படிக் கரெக்டா சொன்னிய?"

அவனுக்கு ஒன்றுமே தெரியாது. அவனுக்கு யாரும் சொல்லவில்லை. அந்த வீட்டில் அது ஒரு விஷயமாகவே இருந்திருக்காது.

"நல்லாருக்குல்ல?" என்றான். "இன்னொரு டம்ளர் ஊத்தவா?"

டம்ளரை நீட்டிவிட்டேன்.