கசடு மேட்டுக்கு வந்த கிராக்கி

புதன்கிழமை ராத்திரி, ஐப்பசி மழை.

ஒரு வாரமா வயித்துல நெருப்பைக் கட்டிக்கிட்டுத் திரிஞ்சேன். இன்னைக்குத்தான் சோறு இறங்குச்சு.

கஞ்சிக்கோட்டு இரும்பு உலையில கழிச்சுக் கொட்டற கசடு மேட்டுல, கயித்துல காந்தத்தைக் கட்டி இழுத்து இரும்புத் துணுக்குப் பொறுக்கறதுதான் எனக்கும் பழனியம்மாக்காவுக்கும் பொழப்பு. மணல் கிடைக்காததால அதுக்குப் பதிலா போட இப்ப நாடு பூரா கசடுக்குக் கிராக்கியாம். தரைக்கல்லு போடற கோயமுத்தூர்க்காரர் மேட்டையே அள்ளிக்கிட்டுப் போகப்போறாருன்னு உலை மேஸ்திரி சொன்னதும், பொழப்பு போச்சுன்னு நெனச்சோம். அதுக்குள்ள கிடைச்ச வரைக்கும் லாபம்னு ரெண்டு பேரும் மேட்டுல இருந்த இரும்பையெல்லாம் வழிச்சு எடுத்துட்டோம்.

இன்னைக்கு அவர் வந்தாரு, வெள்ளை வேட்டியோட. "ஏனுங்க, கசடு வாங்க வந்தீங்களா, பொண்ணு பாக்க வந்தீங்களா?"ன்னு கேட்டேன். அக்கா என் தொடையைக் கிள்ளுச்சு. அவர் சிரிச்சுக்கிட்டே தன் காந்தத்தை மேட்டுக்குள்ள விட்டாரு. ஒரு துணுக்குகூட ஒட்டாம வந்துச்சு. எல்லாத்தையும் வழிச்சுட்டீங்களேன்னு திட்டப்போறாருன்னு நின்னேன்.

"இரும்பு இருந்தாக் கல்லு துருப்புடிச்சுக் கறையாயிருமுங்க. இத்தனை சுத்தமா எங்கயும் பாத்ததில்லை. இந்தம்மாங்க இரும்பு பொறுக்கின கசடுதான் எனக்கு எப்பவும் வேணும், மேஸ்திரி"ன்னாரு.

அக்கா அழுதுருச்சு. "அழுவாதக்கா, மாப்பிள்ளைக்கு நம்மளப் புடிச்சிருச்சு"ன்னேன்.

எங்க வேலையைச் செய்யப் பெரிய காந்த மெஷினு வருதுன்னும் ஒரு பேச்சு இருக்குது. வரட்டும். இன்னைக்குத் தூக்கம் வருது.