கல்லாற்றுக் கேசட்

ஸ்டூடியோ அலமாரியைத் திறந்ததும் பூஞ்சணம் பிடித்த கேசட்டுகளின் நெடி மூக்கில் ஏறியது. நாம் இருவரும் ஊர்க் கல்யாணங்களில் எடுத்த பழைய வீடியோக்களை இப்போது சிடியில் மாற்றிக் கொடுக்கிறேன். அடியில் கிடந்த ஒன்றில் உன் கோணல் எழுத்து: 'கல்லாறு'. உன் முகத்துக்கும் முன்பே அந்த சினிமாத் தயாரிப்பாளரின் முகம்தான் நினைவுக்கு வந்தது.

கல்லாற்றுப் பாறையில் புதுமணத் தம்பதியை நிறுத்திப் படம் பிடித்துக்கொண்டிருந்தாய். அவர்களுக்குப் பின்னால் குளித்துக்கொண்டிருந்த ஒருவன் சுழலில் சிக்கினான். தென்காசிப் பக்கத்திலிருந்து மலை தாண்டி வந்து, இங்கே விதுராவில் பரோட்டா போட்டுக்கொண்டிருந்தவன். நீ கேமராவை ஸ்டாண்டிலேயே விட்டுவிட்டுத் தண்ணீரில் குதித்தாய். அவன் உன் கைக்கு எட்டவில்லை. கேமரா அதுபாட்டுக்கு ஓடி, அவன் போனதை முழுக்கப் பதிந்துவிட்டது.

அது எப்படியோ அந்தத் தயாரிப்பாளரின் காதுக்குப் போனது. 'நிஜச் சாவு' என்று போஸ்டர் ஒட்டிப் படம் ஓட்டுகிறவன். அவனுடைய முந்தைய படத்துக்கு நாமும் போயிருந்தோம். ஒரு குளியல் பாட்டு, அடுத்து ரயிலில் அடிபட்ட யாரோ ஒருவனின் கடைசித் துடிப்பு, மறுபடியும் பாட்டு. தியேட்டரில் விசிலடித்தார்கள். நீ எழுந்து வெளியே போய் வாந்தி எடுத்தாய்.

அந்தக் கேசட்டை விலைக்குக் கேட்டு வந்து, நம் கடையில் உட்கார்ந்து சாயாவை உறிஞ்சிக்கொண்டே பேசினான்.

"முகத்தை மங்கலாக்கிடறேன் சார். செத்தவன் வந்து கேஸா போடப்போறான்? நீங்களும் சாவு வீடியோ எடுக்கறவங்கதானே?"

எடுத்தோம்தான். வளைகுடாவிலிருந்து மகன் வந்துசேர முடியாத வீடுகளில் இறுதிச் சடங்கைப் படம் பிடித்தோம். வீட்டுப் பெரியவர் தலையசைத்த பிறகுதான் நீ கேமராவைத் தொடுவாய். குளிப்பாட்டும்போது இறக்கிவிடுவாய். மகன் பார்த்து அழுவதற்கு எடுத்ததும், எவனோ கடலை கொறித்துக்கொண்டு பார்ப்பதற்குக் கேட்டதும் அந்த ஆளுக்கு ஒன்றாகவே தெரிந்தன. சீ, என்ன பிறவியோ!

"முகத்த மறைச்சா ஆச்சா சாரே? அவன் அம்மைக்கு முதுகு போரும், கண்டுபிடிக்க," என்றாய்.

யோசியுங்கள், நாளைக்கு வருகிறேன் என்று போனான். அவன் படியிறங்கியதும் கேசட்டைக் கேமராவில் போட்டு, லென்ஸை மூடிவிட்டுப் பதிவுப் பட்டனை அழுத்தினாய்.

"மேல வெறும் இருட்டுதான் பதியும், கேட்டியா. நீ போய் சாயா குடிச்சிட்டு வா."

மறுநாள் அவன் வேகமாக ஓட்டி ஓட்டிப் பார்த்தான். எல்லாம் இருட்டு. கேசட்டை மேஜைமேல் எறிந்துவிட்டு, வாயில் வந்ததைச் சொல்லிவிட்டுப் போனான். அந்தப் படமும் வந்தது, ஓடவும் செய்தது. வேறெந்த அம்மாவின் பிள்ளையோ அதில் செத்துக்கொண்டிருந்தான்.

நீ இறந்துபோய் இரண்டு வருஷமாகிறது. இன்றும் விபத்துக் காட்சி ஏதாவது இருக்கிறதா என்று கேட்டு வருகிறார்கள். "அவன் அம்மைகிட்ட கேட்டாச்சா?" என்று கேட்டு அனுப்பிவிடுகிறேன்.

இன்று அந்தக் கேசட்டைப் போட்டேன். திரை இருட்டாகத்தான் இருந்தது. ஆனால் மைக்குக்கு மூடி இல்லை என்பது அன்று நம் இருவருக்கும் தோன்றவே இல்லை. ஃபேன் சத்தம். உன் இருமல். நான் சாயா குடிக்கப் போயிருந்தபோது, தனியாக உட்கார்ந்து நீ அந்த ஆற்றோடு போனவனிடம் பேசியிருக்கிறாய்.

"எட்டலையே மக்கா... எட்டலையே."

உன் குரல் வேறெதிலும் என்னிடம் இல்லை. உன் மனைவி கேட்டால்கூட என்ன சொல்வேன்? உன்னிடம் கேட்காமல் இதை யாருக்கும் போட்டுக்காட்ட எனக்கு மனம் வரவில்லை.