முத்தையா பேரில் ஓர் அர்ச்சனை

ஞாயிறு இரவு, பிரிக்பீல்ட்ஸ்

சுற்றுலா வழிகாட்டியாக இன்று என் முதல் பஸ். முதலில் தெலுக் பங்லிமா காராங் பக்கம், செம்பனைத் தோட்டத்துக்குள் இருக்கும் ஆலமரத்து முனீஸ்வரன். பிறகு போர்க்காலக் கதைகளோடு மோரிப் கடற்கரை. மரத்தடியில் பத்து நிமிஷம்தான் என்று மேனேஜர் எழுதியே கொடுத்திருந்தார்.

சயாம் ரயில் பாதை போட ஜப்பான்காரன் தோட்டத்து ஆட்களை லோரியில் ஏற்றிப்போன கதையை அங்கே சொன்னேன். அப்படிப் போனவர்களில் ஒருவர் என் அம்மாவின் தாத்தா முத்தையா. திரும்பி வரவில்லை. இறந்த நாள் தெரியாததால் வீட்டில் திதி கொடுத்ததே இல்லை. பூசாரி தட்டோடு வந்து பேர் கேட்டதும், முத்தையா என்று சொல்லிவிட்டேன்.

பஸ்ஸில் கிள்ளானிலிருந்து வந்த ஓர் ஆன்டிக்குப் பொறுக்கவில்லை. "செத்தவங்க பேர்ல அர்ச்சனை பண்ணக் கூடாதும்மா. கைடுக்கு இதுகூடத் தெரியாதா?"

"செத்துட்டாருன்னு எங்க வீட்டுக்கு யாரும் வந்து சொல்லலையே ஆன்டி."

பூசாரி, "நட்சத்திரம் தெரியலன்னா பரவால்ல லா, சாமி பேர்லயே சேத்துப் பண்ணிடுறேன்," என்று கற்பூரத்தைக் கொளுத்தினார்.

ஆன்டி கைப்பையைத் திறந்து காசு எடுத்தார். பிறகு பூசாரியிடம் போனார். "எங்க தாத்தா காளிமுத்து. அவரும் சயாமுக்குத்தான் போனாரு. அவர் பேரையும் சொல்லுங்க."

அதற்குப் பின் பேர் சொல்ல ஒரு வரிசையே நின்றது. பத்து நிமிஷம் முக்கால் மணி நேரமானது. நாளை மேனேஜரிடம் என்ன சொல்வதென்று தெரியவில்லை. கடைசிப் பெயரைப் பூசாரி சொல்லி முடிக்கும்வரை ஒருவர்கூடப் பஸ்ஸில் ஏறவில்லை.