கடலுக்குள் ஓர் ஆறாம் வகுப்பு

டீச்சர்,

இன்று காலை ஏற்காட்டு ஒண்டிக்கடை முக்கில் பேத்தியைப் பள்ளிக்கூடத்துக்குள் அனுப்பிவிட்டுத் திரும்பிக்கொண்டிருந்தேன். கருவாட்டுக் கடைக்காரர் புதிதாக வந்த மூட்டையைப் பிரித்தார். மூடுபனி இறங்கிய நேரத்தில் எந்த வாசனையும் சீக்கிரம் கலையாது. அது நெத்திலி வாசனை இல்லை, வாளை வாசனையும் இல்லை. மூட்டைக்குள் கையை விட்டேன். கட்டைபோல் இறுகிய ஒரு கருவாட்டுத் துண்டு கையில் வந்தது. மாசி.

"ஏனுங்கம்மா, வாங்கறீங்களா, மோந்து பாத்துட்டுப் போயிருவீங்களா?" என்றார் கடைக்காரர்.

இந்த மலையில் மாசியை எனக்குக் காட்டியவர் நீங்கள் ஒருவர்தான் என்பதை அவரிடம் எப்படிச் சொல்வேன்? ஒரு துண்டு வாங்கி முந்தானையில் முடிந்துகொண்டேன். பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்தவள் மூக்கைப் பிடித்துக்கொண்டு எழுந்து போனாள். எனக்கு இடம் தாராளமாகக் கிடைத்தது.

நீங்கள் எங்கள் ஊருக்கு வந்தது எழுபதுகளின் தொடக்கத்தில். செம்மநத்தத்தையும் தாண்டி நடந்து வர வேண்டிய ஊர். கையில் குடை, தோளில் பை, செருப்பெல்லாம் சேறு. "பள்ளிக்கூடம் எங்கிருக்குதுங்கக்கா?" என்று என்னைத்தான் கேட்டீர்கள். பள்ளிக்கூடத்தின் முன்னால் நின்றுகொண்டே கேட்டீர்கள். ஓடு சரிந்த அந்த ஒற்றை அறையை நீங்கள் மாட்டுக் கொட்டகை என்று நினைத்துவிட்டீர்கள். நான் சிரித்த சிரிப்பில் உங்கள் முகம் சிவந்துபோனது. அன்றைக்கே எங்கள் ஊட்டின் பக்கத்து அறையில் உங்களைக் குடிவைத்தேன். நான் அஞ்சாவது வரை படித்தவள் என்பதையும் அன்றைக்கே சொல்லிவிட்டேன். என் வயதுப் பெண்களில் எங்கள் ஊரில் அவ்வளவு படித்தவள் நான் ஒருத்திதான். அதைச் சொல்லிக்கொள்ள எனக்கு என்ன கூச்சம்?

கார்த்திகை பிறந்து காப்பிப் பழம் சிவந்ததும் வகுப்பு காலியானது. தாய்மார் பழம் பறிக்க எஸ்டேட்டுக்குப் போனார்கள். பிள்ளைகளும் கூடவே போய் உதிர்ந்த பழம் பொறுக்கினார்கள், களத்தில் கொட்டை கிளறினார்கள். நீங்கள் வருகைப் பதிவைத் திறந்து வைத்துக்கொண்டு வாசலையே பார்த்திருந்தீர்கள். அப்போது நான் சொன்னேன்: "புள்ளைங்க களத்துல இருக்குதுங்க. பூட்ட வேண்டிய ரூமுக்குள்ள நீங்க யாருக்குப் பாடம் எடுக்கறீங்க டீச்சர்? பலகையைத் தூக்கிக்கிட்டு அங்க வாங்க."

மறுநாளே வந்தீர்கள். கரும்பலகையை நான் தலையில் சுமந்தேன். காயும் கொட்டைக்குப் பக்கத்தில் வகுப்பு நடந்தது. எஸ்டேட்டில் கணக்கெழுதும் ரைட்டருக்குப் பொறுக்கவில்லை. "இது களமுங்களா, இஸ்கூலுங்களா?" என்று கத்தினார்.

"ரெண்டுந்தானுங்க. உங்க காப்பிக்கொட்டையை நாங்க தொடமாட்டோம். எங்க புள்ளைங்களை நீங்க தொடாதீங்க" என்றீர்கள்.

களத்திலிருந்த பெண்கள் அத்தனை பேரும் சிரித்தோம். அதன்பிறகு எத்தனையோ காப்பிப் பருவம், எங்கள் பள்ளிக்கூடம் களத்தில்தான் நடந்தது. ஒரு பிள்ளையும் இடையில் நிற்கவில்லை.

ஆனால் எல்லாம் அஞ்சாவதோடு சரி. ஆறாவதுக்கு ஏற்காடு போக வேண்டும். பஸ் வரும் இடத்துக்கே காட்டுவழியில் நடக்க வேண்டும். என் மகளும் அஞ்சாவது முடித்தாள், மறுவாரம் பழம் பறிக்கும் கூடையைக் கட்டினாள். எங்கள் ஊருக்கு ஆறாம் வகுப்பு கேட்டு நீங்கள் அலையாத ஆபீஸ் இல்லை. பிள்ளைகளின் எண்ணிக்கை போதாது என்பதே ஒவ்வொரு முறையும் வந்த பதில். எண்பதுகளின் நடுவில் ஒருநாள், தெற்கே கடலுக்குள் இருக்கும் ஒரு தீவு நாட்டில் டீச்சர் வேலைக்கு ஆள் எடுக்கிறார்கள் என்று வந்து சொன்னீர்கள்.

"அங்க டீச்சர் வேணும்னு கேக்கறாங்கக்கா. இங்க நாம கேட்டுக்கிட்டே இருக்கறோம்."

நான் தடுக்கவில்லை. உங்களுக்குப் பதிலாக இன்னொருவர் வருவார் என்று நம்பினோம்.

முதல் விடுமுறைக்கு வந்தபோது சூரைமீனை அவித்துக் காயவைத்த மாசியைத் துணியில் சுற்றிக் கொண்டுவந்தீர்கள். "என்னுங்க டீச்சர், வெறகுக் கட்டையைக் குடுத்துக் கொழம்பு வைக்கச் சொல்றீங்க?" என்றேன். நீங்களே தேங்காய், மிளகாயோடு உலக்கையால் இடித்துச் சம்பல் என்ற துவையல் செய்தீர்கள். ஊர்ப் பிள்ளைகள் எல்லாம் அடுப்படியில் கூடிவிட்டார்கள். அந்த நாட்டில் மலையே இல்லை என்றீர்கள்.

"மலையில்லீன்னா மேகம் எங்கீங்க போயி உக்காரும்?" என்று ஒரு சின்னவள் கேட்டாள்.

நீங்கள் வேலை பார்த்த தீவின் ஒரு கோடியிலிருந்து மறுகோடிக்கு, உலையில் போட்ட அரிசி வேகும் முன் நடந்துவிடலாம் என்றீர்கள். அங்கே பிள்ளைகள் ஏறிய உயரமான இடம் தென்னைமரம்தான். ஏற்காட்டு ரோட்டின் வளைவுகளைப் பலகையில் வரைந்து காட்டியபோது, ஹவ்வா என்ற பெண் அதைக் கடல்பாம்பு என்றாளாம். வகுப்பில் அவள்தான் கெட்டிக்காரி. அவளைப் பற்றிப் பேசும்போதெல்லாம் உங்கள் குரலே மாறிப்போகும்.

அந்தத் தீவிலும் பள்ளிக்கூடம் அஞ்சாவது வரைதான். அதைக் கேட்டதும் நான் உலக்கையைக் கீழே வைத்துவிட்டேன். அதற்கு மேல் படிக்கப் படகேறித் தலைநகரத் தீவுக்குப் போக வேண்டும். யார் ஊட்டிலோ தங்கி, பாத்திரம் கழுவி, பிள்ளை பார்த்து, மிச்ச நேரத்தில் படிக்க வேண்டும். பெண்பிள்ளைகளை யார் அனுப்புவார்கள்? வாத்தியார்களும் வெளிநாட்டுக்காரர்கள். அவர்கள் அந்தப் பிள்ளைகளின் பேச்சைப் பழகிக்கொள்ளும் முன் திரும்பிப் போகும் படகு வந்துவிடும்.

"ஹவ்வாவுக்காகவாச்சும் ஆறாவது ஆரம்பிச்சுருவேன் அக்கா" என்று சொல்லிவிட்டுப் போனீர்கள்.

ஆரம்பித்தும் விட்டீர்கள். பள்ளி முடிந்தபின் நீங்களாகவே ஆறாம் பாடம் எடுத்தீர்கள். அதை அரசாங்க வகுப்பாக ஆக்கித்தரச் சொல்லித் தலைநகருக்கு எழுதிப் போட்டீர்கள். படிக்கப் பிள்ளைகள் இருக்கிறார்களா என்று பார்க்க ஓர் அதிகாரி வருவார், நாள் தெரியாது என்றார்கள். அதன்பிறகு நடந்ததை அடுத்த விடுமுறையில் நீங்கள் சொன்னபோது வெளியே நல்ல மழை. அடுப்பு பிடிக்காமல் புகைந்துகொண்டிருந்தது.

"மீன் நொம்ப வந்த நாளுங்கக்கா அது. பொம்பளைங்க எல்லாம் கரையில அண்டா வெச்சு வேக வெக்கறாங்க. புள்ளைங்க பூராவும் அங்கதான். எனக்கு நம்ம களந்தான் ஞாபகம் வந்துச்சு. ரூமைப் பூட்டிட்டுப் பலகையைத் தூக்கிக்கிட்டுப் போயிட்டேன்."

"நல்ல காரியந்தானுங்களே."

"அன்னைக்குத்தான் அவரு வந்தாரு. பள்ளிக்கூடம் இருக்கற கோடியில படகு நின்னுச்சு. பூட்டைப் பாத்தாரு. காத்து திரும்புதுன்னு படகுக்காரன் அவசரப்படுத்தியிருக்கறான். யாரையும் கேக்கல, ஏறிட்டாரு. ஒரு புள்ளை ஓடியாந்து சொல்லி நாங்க எல்லாரும் ஓடுறதுக்குள்ள படகு தூரம் போயிருச்சு. கையை ஆட்டிக் கூப்பிட்டோம். அவரும் எங்களைப் பாத்துக் கையை ஆட்டினாரு."

வழியனுப்ப வந்தவர்கள் என்று நினைத்துக்கொண்டார் போலிருக்கிறது. அந்தத் தீவில் ஆறாம் வகுப்புக்குத் தேவை இல்லை என்று பதில் வந்ததாம்.

களத்துக்குப் போகும் யோசனை என்னுடையது. அது தப்பு என்று அன்றும் நான் நினைக்கவில்லை, இன்றும் நினைக்கவில்லை. பிள்ளைகள் இருக்கும் இடத்துக்குத்தான் பள்ளிக்கூடம் போக வேண்டும். ஆனால் அந்தப் படகின் முதுகைப் பார்த்துக்கொண்டு ஹவ்வா நின்றிருப்பாளே, அவளிடம் என் நியாயத்தைச் சொல்லி என்ன ஆகும்?

அப்போது எங்கள் பள்ளிக்கூடத்திலும் பூட்டுதான் தொங்கியது. உங்களுக்குப் பின் வந்தவர் மாற்றல் வாங்கிக்கொண்டு கீழே போய்விட்டார், வேறு யாரும் வரவில்லை. ஊரே என்னை உங்களிடம் தூதனுப்பியது. பக்கத்து ஊட்டுப் பொன்னண்ணன் வாசலில் நின்று உங்கள் காதில் விழும்படியே, "கடலுக்குள்ள இருக்கறதுங்க மட்டுந்தான் புள்ளைங்களா? இதுங்க என்ன, காப்பிக்கொட்டையா?" என்றார்.

நானும் கேட்டேன். "இங்கயே இருந்துருங்க டீச்சர்."

புகைந்த விறகை அடுப்புக்குள் தள்ளினீர்கள். "ஹவ்வா பாதிப் பாடத்துல நிக்கறாக்கா. மறுபடி எழுதிப் போட்டிருக்கறேன். இந்தத் தடவை ரூமைப் பூட்டாம உக்காந்திருப்பேன். நான் ஒருத்திதானே இருக்கறேன்?"

நீங்கள் இங்கே இருந்தால் அங்கே பூட்டு. அங்கே போனால் இங்கே பூட்டு. அஞ்சாவது படித்தவளுக்கும் புரியும் கணக்குதான். யாராலும் போட முடியாத கணக்கும் அதுதான். பஸ் ஏறும் இடம் வரை உங்கள் பையைத் தூக்கி வந்தேன்.

அதிகாரி மறுபடி வரும் முன்னே நோய் வந்துவிட்டது. பள்ளி ஆண்டின் பாதியில் உங்களைக் கொண்டுவந்து சேலத்து ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள். நான் பார்க்க வந்தபோது கை வற்றி, வளையல் முழங்கை வரை ஏறியிருந்தது. உடம்பைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. "அந்தத் தீவுக்கு யாராச்சும் போயிருப்பாங்களாக்கா?" என்று கேட்டீர்கள்.

ஆயுசு முழுக்க உங்களை டீச்சர் என்றுதான் கூப்பிட்டேன். அன்று வாயில் வேறு வார்த்தை வந்தது. "போயிருப்பாங்க கண்ணு."

"உங்களுக்குப் பொய் வரல அக்கா" என்று சொல்லிவிட்டுச் சிரித்தீர்கள்.

நான் மறுபடி வருவதற்குள் நீங்கள் போய்விட்டீர்கள்.

நீங்கள் கண்மூடி எட்டு வருஷம் ஆகிறது. இப்போது எங்கள் ஊருக்கு ஒரு வாத்தியார் இருக்கிறார். ஆறாவது இன்னும் இல்லை. ஆனால் பஸ் ஊருக்குப் பக்கத்திலேயே வருகிறது. அதனால் என் பேத்தி ஏற்காட்டில் ஆறாவது படிக்கிறாள், வகுப்பில் முதலாவதாக வருகிறாள். நான் வண்டி வண்டியாகப் பெருமை பேசுகிறேன் என்று ஊரில் பேச்சு. பேசட்டும். ஒரு சாயங்காலம் அவளுடைய உலகப்படப் புத்தகத்தை விரிக்கச் சொல்லி உங்கள் தீவு நாட்டின் பெயரைச் சொன்னேன். விரலால் தேடித் தேடிக் கண்டுபிடித்தாள்.

"பேரு இருக்குது ஆயா. நெலத்தைத்தான் காணோம்."

கண்ணாடியை மாட்டிக்கொண்டு நானும் பார்த்தேன். நீலத்தில் எழுத்து மட்டும் மிதந்தது. அதற்குள் எங்கோ ஒரு பூட்டிய அறை, ஒரு கரை, மீன் வேகும் அண்டா.

மாசித் துண்டு அடுப்படியில் இருக்கிறது. வீடெல்லாம் உங்கள் வாசனை. ஹவ்வாவுக்கு இப்போது கல்யாணமாகியிருக்கும். கையில் ஒரு பெண்குழந்தைகூட இருக்கலாம். அது அஞ்சாவது முடிக்கும் அன்று அதற்கு ஆறாம் வகுப்பு இருக்குமா, படகுதான் இருக்குமா? ஆஸ்பத்திரியில் நீங்கள் என்னிடம் கேட்ட கேள்வியையே நான் இன்னும் வைத்துக்கொண்டிருக்கிறேன். இந்த மலையில் அதை யாரிடம் கேட்பது, டீச்சர்?