குடை, கதவு, மாம்பழம்

6 செப்டம்பர், வெள்ளி

தஞ்சாவூர் ஆஸ்பத்திரியில் இவருக்கு ஞாபகப் பரீட்சை. மூன்றாம் வகுப்பிலிருந்து ஓடிவந்த மனுஷனுக்கு ஐம்பத்தெட்டு வயதில் பரீட்சை. பிட்டு வைத்திருக்கிறாரா, பையைத் தடவிப் பாரும்மா என்றேன். பரீட்சை வைத்த ஆஸ்பத்திரிப் பொண்ணு மோகனப்பிரியா சிரித்தாள்.

தேதி கேட்டதற்கு, அமாவாசை கழிந்து நாலு நாள் என்றார் இவர். காலண்டரைப் பார்த்து அதற்கும் சரி போட்டாள். குடை, கதவு, மாம்பழம் என்று சொல்லிவிட்டு, வேறு ஏதேதோ பேசி, திரும்பக் கேட்டாள். இவர் என் முகத்தைப் பார்த்தார். அவள் குனிந்து எழுதும் நேரமாகப் பார்த்துத் தலைக்கு மேல் குடை பிடித்துக் காட்டினேன். மாம்பழத்தை வாயசைத்துச் சொன்னேன். நல்ல மார்க். மீன்பிடிக்கத் தனியாகவே படகில் போகலாமாம்.

8 செப்டம்பர், ஞாயிறு

கல்யாணமான வருஷம் திருவாரூர் தேர்க் கூட்டத்தில் என் செருப்பு அறுந்ததை இன்றைக்குச் சொல்கிறார், வார் பச்சை நிறம் என்பது வரைக்கும். தன் செருப்பை எனக்குக் கொடுத்துவிட்டு வெறுங்காலோடு நடந்தாரே. இவருக்கா மறதி?

19 செப்டம்பர், வியாழன்

காலையில் அலையாத்திக்காட்டுக்கு வலையோடு போனவர் மத்தியானம் வரை வரவில்லை. பக்கத்துப் படகுக்கார மூஸா அண்ணன்தான் தேடிக் கூட்டிவந்தார். நாற்பது வருஷம் போய்வந்த வாய்க்காலில், படகுக்குள் சும்மா உட்கார்ந்திருந்தாராம்.

"எந்தப் பக்கம்னு தெரியல அம்சம்" என்றார் என்னிடம்.

பரீட்சையில் நான்தானே சொல்லிக்கொடுத்தேன் - நான்தானே...

20 செப்டம்பர்

கேலி செய்ய வாய் வரவில்லை.

23 செப்டம்பர், திங்கள்

மறுபடி தஞ்சாவூர். செய்ததை மோகனப்பிரியாவிடம் ஒத்துக்கொண்டேன். திட்டவில்லை. என்னை வெளியே உட்காரவைத்து, வேறு சொற்களை வைத்துக் கேட்டாள்.

எழுத்து, கணக்கில் போன மார்க்கை அவள் பெரிதாக எடுக்கவில்லை. படிக்காதவருக்கு அது அப்படித்தானாம். "சிலருக்கு உள்ள இருக்கும்மா, வெளிய வராது. லேசா துப்புக் குடுத்தா வந்துரும். அப்பாவுக்குத் துப்புக் குடுத்தும் வரல. புதுசு உள்ள தங்கவே மாட்டேங்குது."

அப்படியென்றால் தேரும் செருப்பும்? அது பழசு, பழசு ரொம்ப நாள் நிற்கும் என்றாள். இனி தனியாகப் படகு கூடாது.

பஸ்ஸில் இவர் தூங்கிவிட்டார். நல்லவேளை, என் முகத்தைப் பார்க்கவில்லை.

14 அக்டோபர், திங்கள்

எங்கள் தெருவில் பெண்கள் படகேறுவதில்லை. இன்று ஏறினேன். மூஸா அண்ணன் தன் படகில் பின்னாலேயே வந்தார். ஏழு வாய்க்காலையும் ஒவ்வொன்றாக இவரைச் சொல்லச் சொல்லி மனப்பாடம் செய்தேன். எது எங்கே பிரியும், எதில் தண்ணீர் வற்றும், எது கோரையாற்றில் சேரும். ஓரிடத்தில் மட்டும் தடுமாறினார். மூஸா அண்ணன் சொன்னார்.

கரையேறியதும் வரிசையாக ஒப்பித்தேன். விரல் மடக்கிக் கேட்டுக்கொண்டிருந்த இவர் சிரித்தார்.

"ஏழுக்கு அஞ்சுதான். உன்னயத்தான் தஞ்சாவூருக்குக் கூட்டிட்டுப் போகணும்."